விசில் யார் கையில்?

போன மாதம் வேடசந்தூர் பக்கம் ஒரு காலனியில் மாலை வகுப்பை முடித்துவிட்டுக் கிளம்பிக்கொண்டிருந்தேன். பத்தாம் வகுப்புப் படிக்கிற ஒரு தங்கை வண்டியை மறித்து நின்றாள். 800 மீட்டர் ஓடுகிறவள். ஷூ கேட்கப்போகிறாள் என்று நினைத்தேன். அவள் கேட்டது வேறு.

"அண்ணே, ஓடி முடிச்ச பிறகு என்ன ஆகுறது?"

அவளுடைய அம்மா நூற்பாலைக்குப் போகிறார். அக்காவும் பிளஸ் டூ முடித்த கையோடு மில் பஸ்ஸில் ஏறிவிட்டாள். "ஓடுனா சோறு போடுமா?" என்று வீட்டில் தினமும் கேட்கிறார்களாம். "போடும் பாப்பா, நீ ஓடு" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். எரியோடு தாண்டுவதற்குள் மனசு உறுத்த ஆரம்பித்துவிட்டது. நான் சொன்னது பாதி உண்மைதான். மீதிப் பாதியை அவளுக்கும், அவளைப் போல ஓடுகிற, எறிகிற, பாடிப் போகிற நம் பிள்ளைகளுக்கும், அவர்களோடு நிற்கிற மாணவத் தோழர்களுக்கும் இங்கே எழுதுகிறேன்.

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல சாந்தி சௌந்தரராஜனை விடப் பொருத்தமான ஆள் தமிழ்நாட்டில் இல்லை. அவருடைய பெயரைச் சொன்னதும் பலருக்கு தோஹா ஞாபகம் வரும், பறிக்கப்பட்ட பதக்கம் ஞாபகம் வரும். அத்தோடு நிறுத்திவிடுவோம். நான் பேச வந்தது அதற்குப் பிறகு நடந்ததைப் பற்றி. ஓட்டக்காரி பயிற்சியாளர் ஆனதைப் பற்றி.

தெரியாத தம்பி தங்கைகளுக்காக முன்கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

புதுக்கோட்டை மாவட்டம் கத்தக்குறிச்சி. செங்கல் சூளையில் வேலை பார்த்த தலித் குடும்பம். சாந்தி அந்த வீட்டுப் பிள்ளை. அவருக்கு முதலில் ஓடக் கற்றுக்கொடுத்தவர் தாத்தா. ஊருக்கு வெளியே மண் தரையில்தான் பயிற்சி. பள்ளி அளவில் ஜெயிக்க ஆரம்பித்த பிறகு ஒரு பயிற்சியாளர் கண்ணில் பட்டார். அதன் பிறகுதான் படிப்புக்கும் சாப்பாட்டுக்கும் வழி கிடைத்தது. 2005இல் தென் கொரியாவின் இஞ்சியானில் நடந்த ஆசிய தடகளப் போட்டியில் 800 மீட்டரில் வெள்ளி. 2006 டிசம்பரில் தோஹா ஆசிய விளையாட்டுப் போட்டியில் மறுபடியும் வெள்ளி. நேரம் 2 நிமிடம் 3.16 விநாடி. ஆசிய விளையாட்டுப் போட்டியில் பதக்கம் வாங்கிய முதல் தமிழ்ப் பெண் அவர்தான்.

அடுத்த சில நாட்களில் பாலினப் பரிசோதனை. என்ன சோதனை, எதற்காக என்று அவருக்குப் புரிகிற மொழியில் யாரும் சொல்லவில்லை. முடிவைத் தொலைக்காட்சிச் செய்தியில்தான் தெரிந்துகொண்டார். பிறந்தது முதல் பெண்ணாக வாழ்ந்த ஒருத்தியை உலகத்தின் முன்னால் நிறுத்தி "நீ பெண் இல்லை" என்றார்கள். பதக்கத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். அன்றைய முதல்வர் கலைஞர் மட்டும் அறிவித்த 15 லட்சம் ரூபாய்ப் பரிசை நிறுத்தாமல் கொடுத்தார். அதைச் சொல்லாமல் விட்டால் நியாயமில்லை.

இதுவரை உங்களில் பலருக்குத் தெரிந்த கதை. இனிமேல்தான் நாம் கவனிக்க வேண்டியது.

சாந்தி அந்தப் பணத்தை எடுத்துக்கொண்டு எங்காவது ஒதுங்கியிருக்கலாம். யாரும் தப்புச் சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் தன் மாவட்டத்துக்குத் திரும்பிப் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுக்க ஆரம்பித்தார். 2009 வாக்கில் அவரிடம் 68 பேர் பயிற்சி எடுத்தார்கள். சென்னை மாரத்தானில் முதலிடமும் மூன்றாம் இடமும் அவருடைய மாணவர்களுக்குக் கிடைத்தது. யோசித்துப் பாருங்கள். தன்னை ஓடக்கூடாது என்று துரத்திய உலகத்துக்குள் 68 பேரை ஓடவிட்டிருக்கிறார்.

அரசு என்ன செய்தது? தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தில் தற்காலிகப் பயிற்சியாளர் வேலை கொடுத்தது. மாதம் 5,000 ரூபாய். நிரந்தரம் இல்லை. நாளைக்கு வேலை இருக்குமா என்ற உறுதி இல்லை. குடும்பத்தை ஓட்ட முடியாமல் அதை விட்டார். 2012இல் அவர் செங்கல் சூளையில் வேலை செய்கிற படம் பத்திரிகைகளில் வந்தது. நாள் கூலி 200 ரூபாய்.

கணக்குப் போடுங்கள். 200 ரூபாய் வீதம் 25 நாள் கல் சுமந்தால் 5,000 ரூபாய். சர்வதேச அளவில் 12 பதக்கம் வாங்கிய ஒரு பெண்ணின் விளையாட்டு அறிவுக்கு இந்த அமைப்பு போட்ட விலையும், அவருடைய அப்பா அம்மா காலம் காலமாகச் செய்த கூலி வேலையின் விலையும் ஒன்று. பட்டியல் சாதிப் பெண்ணின் மூளைக்கு இங்கே தனி விலை கிடையாது. உடம்புக்கு என்ன கூலியோ அதுதான் மூளைக்கும்.

அந்தப் படம் வந்து நாடு முழுக்கப் பேச்சான பிறகுதான் கதவு திறந்தது. இந்திய விளையாட்டு ஆணையத்தின் பயிற்சியாளர் பட்டயப் படிப்பில் இடம் கிடைத்தது. பெங்களூருவில் படித்தார். முடித்தார். அதற்குப் பிறகும் நிரந்தர வேலைக்காக அலைந்தார், மனு போட்டார், நீதிமன்றம் வரை போனார். 2016இல்தான் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தில் நிரந்தரப் பயிற்சியாளர் ஆனார். பதக்கம் பறிக்கப்பட்டு பத்து வருஷம். பணிக்கு வந்த பிறகும் சாதியின் பெயராலும் பாலினத்தின் பெயராலும் அவமதிக்கப்படுவதாக அவரே வெளிப்படையாகப் புகார் சொல்ல வேண்டியிருந்தது.

இந்தப் பத்து வருஷத்தைத்தான் நாம் படிக்க வேண்டும். பதக்கம் பறிபோனது ஒரு அநீதி. அதற்குக் கண்ணீர் விட்டவர்கள் நிறைய. பயிற்சியாளராக நிற்க விடாமல் அலைக்கழித்தது இன்னொரு அநீதி. அதைப் பெரும்பாலும் யாரும் அநீதி என்று சொல்வதுகூட இல்லை. "பாவம், கஷ்டப்பட்டாங்க" என்பதோடு முடித்துவிடுகிறார்கள்.

நான் சொல்ல வருவது இதுதான். நம் பிள்ளைகள் ஓடலாம், இந்தச் சமூகத்துக்கு அதில் பெரிய ஆட்சேபணை இல்லை. ஜெயித்தால் கைதட்டவும் செய்யும், சுவரொட்டியும் ஒட்டும். ஆனால் யார் ஓட வேண்டும், யாரை எடுக்க வேண்டும், யாருக்கு என்ன கற்றுக்கொடுக்க வேண்டும் என்று தீர்மானிக்கிற இடத்துக்கு நாம் வரும்போதுதான் சாதி பல்லைக் காட்டும். காலுக்கு இடம் உண்டு, கையில் விசிலுக்கு இடமில்லை.

இது இன்று நேற்று வந்த வழக்கம் இல்லை. பல்வங்கர் பாலுவின் கதை தெரியுமா? பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில், பூனாவில் வெள்ளைக்காரர்களின் கிரிக்கெட் மன்றத்தில் மாதம் 4 ரூபாய் சம்பளத்துக்கு மைதான வேலை பார்த்த சாமர் சாதி இளைஞர். பயிற்சி வலையில் பந்து வீசச் சொன்னார்கள். கிரெய்க் என்ற ஆங்கிலேய ஆட்டக்காரருக்கு மணிக்கணக்கில், நாள்கணக்கில் வீசினார். கிரெய்க்கின் மட்டை அதில்தான் தேர்ந்தது. ஆனால் பாலுவின் கையில் அந்த வலைக்குள் ஒரு தடவைகூட மட்டை கொடுக்கப்படவில்லை. மட்டை பிடிப்பது துரைமார் வேலை, பந்து வீசுவது கூலி வேலை.

பிறகு இந்துக்கள் அணியில் சேர்த்துக்கொண்டார்கள். ஜெயிக்க அவர் தேவைப்பட்டார். மைதானத்தில் அவர் தொட்ட பந்தை எல்லோரும் தொட்டார்கள். தேநீர் இடைவேளையில் அவருக்கு மட்டும் வெளியே, மண் குவளையில். 1911இல் இங்கிலாந்து போன அணியில் நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்துக்கொண்டு வந்தார். அவரைப் பார்த்துப் பெருமைப்பட்டவர்களில் இளைஞர் அம்பேத்கரும் ஒருவர். ஆனால் அணித் தலைவர் பதவி மட்டும் பாலுவுக்குக் கடைசி வரை கிடைக்கவில்லை. சண்டை போட்டுப் போட்டு அவருடைய தம்பி விட்டலுக்கு 1923இல்தான் கிடைத்தது. பந்து வீச ஆள் வேண்டும், தலைமை தாங்க வேண்டாம். நூறு வருஷத்துக்கு முந்தைய இந்தக் கணக்குக்கும் சாந்திக்குக் கொடுத்த 5,000 ரூபாய்க் கணக்குக்கும் எனக்கு ஒரு வித்தியாசமும் தெரியவில்லை.

கடல் தாண்டியும் இதே கதைதான். அமெரிக்கக் கால்பந்து என்று ஒன்று உண்டு. நாம் ஆடுகிற கால்பந்து இல்லை, முட்டை வடிவப் பந்தைக் கையில் பிடித்து ஆடுவது. அதில் குவாட்டர்பேக் என்று ஒரு இடம். அணி பந்தோடு முன்னேறும்போது ஆட்டத்தை வழிநடத்துகிறவர் அவர்தான். எங்கே போடுவது, யாருக்குப் போடுவது என்று கண நேரத்தில் முடிவு செய்கிறவர். அதாவது அணியின் மூளை. பல காலம் அந்த இடத்தில் கறுப்பின இளைஞர்களை விடவே மாட்டார்கள். கல்லூரியில் குவாட்டர்பேக்காக ஆடி வந்தவனைக்கூட "நீ வேகமா ஓடுற, ஓரத்துக்குப் போ" என்று இடம் மாற்றிவிடுவார்கள். "அவனுக்கு ஓடத் தெரியும், யோசிக்கத் தெரியாது" என்பதுதான் உள்ளே இருந்த எண்ணம். நமக்குப் பழக்கமான வசனம்தானே?

அதை உடைத்தவர்களில் ஒருவர் டக் வில்லியம்ஸ். 1988 ஜனவரியில் வாஷிங்டன் அணிக்காக சூப்பர் பௌல் என்கிற இறுதிப் போட்டியில் இறங்கி 42க்கு 10 என்று ஜெயித்துக் கொடுத்தார். அந்தப் போட்டியில் முதல் ஆளாகக் களமிறங்கி வென்ற முதல் கறுப்பின குவாட்டர்பேக் அவர்தான். ஆட்ட நாயகனும் அவர்தான். அவர் அடுத்துச் செய்ததுதான் நமக்கு முக்கியம். 1998இல் தான் படித்த கிராம்ப்ளிங் என்ற கறுப்பினக் கல்லூரிக்கே திரும்பிப் போய்த் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். பிறகு 2014இல் பழைய வாஷிங்டன் அணியின் நிர்வாகத்துக்குள் நுழைந்தார். வீரர்களைத் தேர்ந்தெடுக்கிற பொறுப்பு, அதன் பிறகு 2020இல் வீரர் மேம்பாட்டுக்கான மூத்த துணைத் தலைவர். ஆடும் இடத்திலிருந்து ஆளை உருவாக்கும் இடத்துக்குப் போனார்.

அந்த நாட்டிலும் அது தானாக நடக்கவில்லை. ஆடுகிறவர்களில் பாதிக்கும் மேல் கறுப்பினத்தவர், தலைமைப் பயிற்சியாளர்களில் விரல்விட்டு எண்ணுகிற அளவுதான் என்று வழக்கறிஞர்கள் கணக்கெடுத்து அம்பலப்படுத்தினார்கள். அதன் பிறகு 2003இல் ஒரு விதி வந்தது. தலைமைப் பயிற்சியாளர் இடம் காலியானால் சிறுபான்மை இனத்தைச் சேர்ந்த ஒருவரையாவது கட்டாயம் நேர்காணலுக்குக் கூப்பிட வேண்டும். ரூனி விதி என்று பெயர். வேலை கொடுக்கச் சொல்லவில்லை, கூப்பிட்டுப் பேசச் சொன்னது. அதுவே பெரிய சண்டைக்குப் பிறகுதான் வந்தது.

இங்கே அப்படி ஒரு கணக்கு எடுத்திருக்கிறோமா?

சரி, நம்ம ஊருக்கு வருவோம். திண்டுக்கல் சமவெளியை எடுத்துக்கொள்ளுங்கள். நத்தத்தில் பெரிய கிரிக்கெட் மைதானம் இருக்கிறது. டி.என்.பி.எல். போட்டி அங்கே நடந்தால் சாலை முழுக்க வண்டிதான். திண்டுக்கல் பெயரில் ஒரு அணி இருக்கிறது, 2024இல் அஸ்வின் தலைமையில் கோப்பையும் வாங்கியது. சந்தோஷம். நிலக்கோட்டையில் பூக்கட்டுகிற வீட்டுப் பையன், பேகம்பூர் பக்கம் தோல் ஷாப்பில் வேலை பார்க்கிறவர் மகன், வேடசந்தூர் மில் தொழிலாளி மகள், இவர்கள் அந்த மாதிரி ஒரு அணிக்குப் போக எங்கே படிக்கட்டு இருக்கிறது? அணியின் பெயரில் ஊர் இருக்கிறது. ஊருக்குள் சேரிக்கு வழி இருக்கிறதா?

2024இல் தமிழக அரசு கலைஞர் பெயரில் விளையாட்டு உபகரணத் தொகுப்புகளை 12,000க்கும் மேற்பட்ட கிராம ஊராட்சிகளுக்குக் கொடுத்தது. நல்ல திட்டம். மனதாரப் பாராட்டுகிறேன். ஒரு ஊராட்சியில் நான் பார்த்ததைச் சொல்கிறேன். காலனிப் பையன்கள் கேட்கப் போனபோது சாவி தலைவர் வீட்டில் இருப்பதாகச் சொன்னார்கள். தலைவர் வீடு ஊருக்குள். இவர்கள் போய் வாசலில் நின்றபோது "உடைச்சுப்புட்டா யார்ரா பதில் சொல்றது?" என்று கேட்டு அனுப்பிவிட்டார்கள். அன்று சாயங்காலம் அதே பந்தில் ஊர்ப் பையன்கள் ஆடிக்கொண்டிருந்தார்கள். நம் பையன்கள் வழக்கம்போலத் தண்ணீர் வற்றிய குளத்துக்குள் ரப்பர் பந்தோடு போனார்கள். மழை பெய்தால் அந்த மைதானமும் இல்லை.

திட்டம் சென்னையில் சரியாகத்தான் கிளம்பியது. கடைசி நூறு மீட்டரில் சாதி நிற்கிறது. அந்த நூறு மீட்டரைக் கடக்க வைக்கத்தான் நம் தெருவைத் தெரிந்த பயிற்சியாளர் வேண்டும் என்கிறேன்.

"வீரர் மேம்பாடு" என்று பெரிய வார்த்தையில் சொல்கிறார்கள். அது என்ன என்று அந்த 800 மீட்டர் தங்கையை வைத்துச் சொல்கிறேன். அவள் காலையில் வெறும் வயிற்றோடு ஓடுகிறாள் என்பது ஒருவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். ரத்தசோகை இருக்கிறதா என்று அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப்போக வேண்டும். மாதவிலக்கு நாளில் அவள் வராததைச் சோம்பல் என்று திட்டாத ஆள் வேண்டும். உடை மாற்ற ஒரு மறைவான இடம் கேட்டு வாங்கித் தர வேண்டும். திண்டுக்கல் விளையாட்டரங்கத்துக்கு வந்துபோக பஸ் காசு யார் கொடுப்பது என்று யோசிக்க வேண்டும். "பொம்பளப் புள்ளைய அரை டவுசரோட அனுப்புறியா" என்று அப்பாவிடம் ஊர் கேட்கும்போது அந்த வீட்டுத் திண்ணையில் போய் உட்கார்ந்து பேச வேண்டும். பெரிய தெரு வழியாக அவள் ஓடிப் பழகும்போது யாராவது சத்தம் போட்டால் பக்கத்தில் நிற்க வேண்டும். சான்றிதழ், உதவித்தொகை, விளையாட்டு விடுதித் தேர்வு எப்போது வருகிறது என்று சொல்ல வேண்டும். நேரத்தைக் கையில் பிடித்து "ஓடு" என்பது இதில் பத்தில் ஒரு பங்குதான்.

இதையெல்லாம் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளலாம். வாழ்ந்து தெரிந்தவர் இன்னும் சீக்கிரம் செய்வார்.

இன்னொரு விஷயமும் இருக்கிறது. 2025 செப்டம்பர் முதல் உலகத் தடகள அமைப்பு பெண்கள் பிரிவில் உலகத் தரவரிசைப் போட்டிகளில் ஓடுகிறவர்களுக்கு மரபணுச் சோதனையைக் கட்டாயமாக்கியிருக்கிறது. அதன் நியாய அநியாயம் பற்றி விவாதம் நடக்கிறது, நடக்கட்டும். நாளைக்குக் கத்தக்குறிச்சி மாதிரி ஒரு ஊரிலிருந்து போகிற பெண் அந்தச் சோதனைக்கு முன்னால் நிற்பாள். என்ன சோதனை, என் உரிமை என்ன, முடிவை யார் பார்க்கலாம், முறையீடு எங்கே என்று அவளுக்குத் தமிழில் யார் சொல்வார்? சாந்திக்கு 2006இல் சொல்ல ஆள் இல்லை. எட்டு வருஷம் கழித்து ஒடிசாவின் டூட்டி சந்த்துக்கு அதே மாதிரி நடந்தபோது பக்கத்தில் விவரம் தெரிந்தவர்கள் நின்றார்கள். சர்வதேச விளையாட்டு நடுவர் மன்றம் வரை போனார், 2015இல் அந்த விதியையே தற்காலிகமாக நிறுத்திவைக்கச் செய்தார், மறுபடியும் ஓடினார். ஆள் இருந்ததற்கும் இல்லாததற்கும் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான். அடிபட்டவர் பயிற்சியாளராக இருந்தால் அடுத்த பிள்ளைக்கு அடி விழாது.

இதைப் பேசினாலே இரண்டு கேள்வி வரும்.

முதல் கேள்வி: "விளையாட்டுல எதுக்குங்க சாதியக் கொண்டு வர்றீங்க? திறமை இருந்தா வந்துட்டுப் போறாங்க." நேரம் பார்க்கிற கடிகாரத்துக்குச் சாதி கிடையாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கடிகாரத்துக்கு முன்னால் வந்து நிற்கிற வரைக்கும் இருக்கிற பாதையில் சாவி வைத்திருக்கிற தலைவர், பட்டியல் போடுகிற ஆசிரியர், தேர்வுக் குழு என்று நிறைய கைகள் இருக்கின்றன. அந்தக் கைகள் யாருடையவை என்று கேட்பது சாதியைக் கொண்டுவருவது ஆகாது. ஏற்கனவே உள்ளே உட்கார்ந்திருப்பதைக் காட்டுவது.

இரண்டாவது கேள்வி கொஞ்சம் நியாயமானது: "நல்லா ஆடுனவங்க எல்லாம் நல்ல கோச் ஆகிடுவாங்களா? பாவம்னு வேலை கொடுக்கலாமா?" கூடாது. நானே சொல்கிறேன், கூடாது. பயிற்சி கொடுப்பது தனிப் படிப்பு. சாந்தி அதைப் படித்துவிட்டுத்தான் கேட்டார். அவர் யாரிடமும் இரக்கம் கேட்கவில்லை. படித்த படிப்புக்கும் செய்து காட்டிய வேலைக்கும் நிரந்தரப் பணி கேட்டார். அதைத்தான் இழுத்தடித்தார்கள். செங்கல் சூளைப் படத்தைப் பார்த்துக் கண் கலங்கிய நாடு, 68 மாணவர்கள் என்ற கணக்கைப் பார்த்து ஏன் வேலை கொடுக்கவில்லை? நம்முடைய துயரத்தைப் பார்க்கத் தெரிந்தவர்களுக்கு நம்முடைய தகுதியைப் பார்க்கத் தெரியவில்லை.

இங்கே நம்மிடமும் ஒரு குறை இருக்கிறது, அதையும் பேச வேண்டும். ஒரு பிள்ளை ஜெயித்தால் நாம் என்ன செய்கிறோம்? பிளக்ஸ் வைக்கிறோம், சால்வை போடுகிறோம், அம்பேத்கர் படத்துக்குப் பக்கத்தில் நிற்க வைத்துப் போட்டோ எடுத்துப் போடுகிறோம். ஆறு மாதம் கழித்து அந்தப் பிள்ளை எங்கே என்று நமக்குத் தெரியாது. அடிபட்டு விளையாட முடியாமல் போன பையன் திருப்பூர் போய்விட்டான் என்றால் "அப்படியா" என்று விட்டுவிடுகிறோம். அவன் கற்ற வித்தை அவனோடு பனியன் கம்பெனிக்குள் போய் முடிந்துவிடுகிறது. அதை அடுத்த பத்துப் பிள்ளைகளுக்குக் கடத்தியிருக்க முடியும். நாம் வீரரைக் கொண்டாடுகிறோம், அவருக்குள் இருக்கிற பயிற்சியாளரைக் கவனிப்பதில்லை.

அதனால் இந்தப் பகுதியில் படிக்கிற, இயக்க வேலை செய்கிற தம்பி தங்கைகளுக்குச் சில வேலைகள் சொல்கிறேன். பெரிய புரட்சி எதுவும் இல்லை. சனி ஞாயிறில் செய்யக்கூடியவை.

முதலில் கணக்கு எடுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005 இருக்கிறது. 10 ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில் தர வேண்டும். நம் மாவட்டத்தில் அரசு விளையாட்டுப் பயிற்சியாளர்கள் எத்தனை பேர், நிரந்தரம் எத்தனை, தற்காலிகம் எத்தனை, அதில் பட்டியல் சாதியினர், அருந்ததியர், பழங்குடியினர், பெண்கள் எத்தனை என்று கேளுங்கள். தற்காலிகப் பணியாளர்களை எந்த முறையில் எடுத்தார்கள் என்று தனியாகக் கேளுங்கள். நிரந்தரப் பணி என்றால் 18 சதவீதம், அதில் அருந்ததியருக்கு 3 என்று சட்டத்தைக் காட்டிப் பேசலாம். தொகுப்பூதியம் என்று வந்துவிட்டால் யார் வந்தார், எப்படி வந்தார் என்று வெளியே யாருக்கும் தெரிவதில்லை. தெரிய வைப்பது நம் வேலை. பெயர் வேண்டாம், எண்ணிக்கை போதும்.

இரண்டாவது, கிராம சபை. அடுத்த கூட்டத்தில் ஒரே ஒரு தீர்மானம் கொண்டு வாருங்கள். ஊராட்சிக்கு வந்த விளையாட்டுப் பொருட்களின் பட்டியலை அலுவலகச் சுவரில் ஒட்ட வேண்டும், வாங்கிப்போகிறவர் பெயரைப் பதிவேட்டில் எழுத வேண்டும், காலனிக்குத் தனி நாள் இல்லாமல் எல்லோருக்கும் எல்லா நாளும் கொடுக்க வேண்டும். கூச்சலிட்டால் கூச்சலிடட்டும். தீர்மானம் எழுத்தில் ஏறுகிற வரை உட்காருங்கள்.

மூன்றாவது, நிதி. பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கான துணைத் திட்ட நிதிக்கு 2024இல் தமிழ்நாடு தனிச் சட்டமே கொண்டு வந்தது. அந்தப் பணத்தில் நம் குடியிருப்புகளுக்குப் பக்கத்தில் மைதானமும், அந்த மைதானத்துக்கு ஒரு பயிற்சியாளரும் கேட்க வேண்டும். மைதானம் மட்டும் கேட்டால் கம்பி வேலி போட்டுக் கணக்கு முடித்துவிடுவார்கள். ஆள் சேர்த்துக் கேளுங்கள்.

நான்காவது, படிப்பு. உங்கள் ஊரில் ஆடி முடித்த அண்ணன் அக்கா யாராவது இருந்தால் உடற்கல்விப் பட்டத்துக்கு அனுப்பப் பாருங்கள். சென்னையில் தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இருக்கிறது, பக்கத்திலேயே காரைக்குடி அழகப்பா பல்கலைக்கழகத்தில் உடற்கல்வித் துறை இருக்கிறது. பாட்டியாலா தேசிய விளையாட்டு நிறுவனம் நடத்துகிற ஆறு வாரச் சான்றிதழ்ப் படிப்பும் உண்டு, பட்டயப் படிப்பும் உண்டு. பட்டியல் சாதி மாணவர்களுக்குப் போஸ்ட் மெட்ரிக் உதவித்தொகை இருக்கிறது. நடுவர் தேர்வுகளையும் விட்டுவிடாதீர்கள். நம் பிள்ளைகள் ஆடுகிற போட்டியில் நம்மில் ஒருவர் நடுவராக நிற்கிற காட்சியை நம் தெருக் குழந்தைகள் பார்க்க வேண்டும். எதிர்த் தெருக் குழந்தைகளும் பார்க்க வேண்டும். அவர்களுக்கும் அது பாடம்தான்.

இதற்கு முன்மாதிரி இல்லாமல் இல்லை. சென்னை கண்ணகி நகரைப் பாருங்கள். ஊரை விட்டு வெளியே தூக்கிப் போடப்பட்ட மக்கள், "அந்த ஏரியாவா?" என்று வேலை கொடுக்க யோசிக்கிற உலகம். அங்கே ஒரு பயிற்சியாளர் விடாமல் கபடி சொல்லிக்கொடுத்தார். 2025இல் பஹ்ரைனில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டுப் போட்டியில் தங்கம் வாங்கிய இந்திய அணியில் அந்தக் கண்ணகி நகர் கார்த்திகா இருந்தார். எல்லோரும் கார்த்திகாவைக் கொண்டாடினார்கள், கொண்டாட வேண்டியதுதான். ஆனால் ஒவ்வொரு கார்த்திகாவுக்குப் பின்னாலும் மாலை ஐந்து மணிக்குத் தவறாமல் மண் தரைக்கு வருகிற ஒரு ஆள் இருக்கிறார். அந்த ஆளுக்கு மாதச் சம்பளம் இருக்கிறதா என்று கேட்கிற பழக்கத்தை நாம் உண்டாக்க வேண்டும்.

போன ஞாயிற்றுக்கிழமை மறுபடி அந்தக் காலனிக்குப் போனேன். தங்கையிடம் இந்தக் கதை முழுவதையும் சொன்னேன். தோஹாவையும் சொன்னேன், சூளையையும் சொன்னேன், பட்டயப் படிப்பையும் சொன்னேன். எதையும் மறைக்கவில்லை. அம்மாவும் கூட உட்கார்ந்து கேட்டார். கடைசியில் அம்மாதான் கேட்டார்.

"அந்தப் பொண்ணு இப்பக் கவருமெண்டு வேலைல இருக்காப்பா?"

"நிரந்தர வேலை வாங்கிருச்சும்மா. பத்து வருஷம் சண்ட போட்டு வாங்குச்சு."

"நம்ம புள்ளைக்கும் பத்து வருஷம் ஆகுமா?"

எனக்குப் பதில் வரவில்லை. அந்தப் பத்து வருஷத்தை ஐந்தாக, இரண்டாக, ஒன்றுமில்லாமல் ஆக்குவது அந்த அம்மாவின் வேலை இல்லை, அந்தப் பிள்ளையின் வேலையும் இல்லை. அவள் ஓடட்டும். மீதி வேலை நம்முடையது. தகவல் உரிமை மனு எழுதத் தெரியாதவர்கள் ஞாயிற்றுக்கிழமை மாலை வகுப்புக்கு வாருங்கள், சேர்ந்து எழுதலாம்.

ஜெய் பீம்.